ஐம்பதாம் ஸ்டேஜில் நின்ற பெருச்சாளி

தங்கச்சிமடத்தில் ஸ்டேஜ் மெக்கானிக்கைத் தெரியாத மனிதரும் கிடையாது, அவருக்காகக் காத்துக் கிடக்காத இஞ்சினும் கிடையாது. கரையில் நின்று சத்தத்தைக் கேட்டே, விசைப்படகுக்குள் எந்த நட்டு எத்தனை சுற்று லூஸ் என்று சொல்லிவிடுகிற மேதை. ஆனால் அந்த மேதையை வீட்டிலிருந்து படகு வரைக்கும் நடக்க வைப்பது, மணலில் புதைந்த படகைக் கடலுக்குள் தள்ளுவதைவிடக் கஷ்டம். யார் போய்க் கூப்பிட்டாலும் கையிலிருக்கும் வீடியோ விளையாட்டுப் பெட்டியிலிருந்து தலையைத் தூக்காமல் ஒரே பதில்தான் சொல்வார்.

"இந்த ஒரு ஸ்டேஜ் முடியட்டும், வாரேன்."

அப்படி வந்த பெயர்தான் அது. வெளியூர்க்காரர்களுக்கு இது விளங்காது. ஒருமுறை திருவாடானைப் பக்கமிருந்து ஒரு நாடகக் குழு, திருவிழாவுக்கு மேடை போட்டுக் கொடுப்பவர் என்று நினைத்து விசாரித்துக்கொண்டு வந்துவிட்டது. "ஸ்டேஜ் முடிய எத்தன நாளாகும்ணே?" என்று கேட்டார்கள். இவர் மிகுந்த பொறுப்போடு, "மொத்தம் அம்பது ஸ்டேஜ். அதுல நாப்பத்தொம்பது முடிச்சது. கடைசி ஒண்ணு மட்டும் இருவத்தஞ்சு வருசமா அப்படியே நிக்குது" என்றார். வந்தவர்கள் கொடுத்த காபியைக்கூடக் குடிக்காமல் பஸ் ஏறிவிட்டார்கள்.

நான் அப்போது அங்கே ஓர் ஐஸ் கம்பெனியில் சூப்பர்வைசர். ஊர் ஆர்.எஸ்.மங்கலம் பக்கம். கண்மாய்த் தண்ணீரைத் தவிர வேறு தண்ணீரைப் பார்க்காமல் முப்பது வயது வரை காலத்தை ஓட்டியவன். வேலைக்குச் சேர்ந்த மூன்றாம் நாளே கம்ப்ரஸர் படுத்துவிட்டது. ஐஸ் பாளங்கள் கண்முன்னே கரைந்து ஓடுகின்றன. மெக்கானிக்கைத் தேடிக்கொண்டு கடற்கரைக்கு ஓடினேன். உச்சி வெயில். கவிழ்த்துப் போட்ட ஒரு வள்ளத்தின்மேல் ஐம்பத்தைந்து வயது மதிக்கத்தக்க ஒருவர், தலைக்குமேல் துண்டைப் போட்டு மூடிக்கொண்டு குனிந்து உட்கார்ந்திருந்தார். அழுகிறாரோ என்று பயந்துவிட்டேன். துண்டைத் தூக்கிப் பார்த்தால் கையில் விளையாட்டுப் பெட்டி.

"என்னண்ணே, இந்த வெயில்ல?"

"வெயில்ல உக்காந்து ஆடுனாத்தான் இந்த கேம் சரியாத் தெரியும்."

"அப்ப துண்டு எதுக்கு?"

"வெயில் பட்டா ஒண்ணும் தெரிய மாட்டேங்குதுல்ல!"

இதற்குமேல் கேள்வி கேட்க எனக்குத் தெம்பில்லை. ஐஸ் கரைகிறது என்றேன். அவர் என்னைப் பரிதாபமாகப் பார்த்தார். "ஏலே, இங்கன ரெண்டு பெருச்சாளி கழுத்தளவு தண்ணியில நிக்குதுக. ஒன் ஐசு தண்ணியாத்தான போகுது? தண்ணி செத்தா போகும்?"

அன்றிலிருந்து நான் அவருக்கு 'ஐஸு' ஆனேன். என் அப்பா ஆசையாக வைத்த பெயரை அந்த ஊரில் பிறகு யாரும் சொல்லிக் கூப்பிட்டதில்லை.

அந்தப் பெட்டி அவருடைய மகளுடையது. பெங்களூரில் வேலை பார்க்கும் பெண், கிறிஸ்துமஸுக்கு வந்தபோது கொண்டுவந்தாள். மாதச் சந்தா கட்டினால் அதில் நூற்றுக்கணக்கான விளையாட்டுகளை இணையத்தின் வழியாகத் திறந்து ஆடலாம். கார் பந்தயம், கால்பந்து, சண்டை என்று எல்லாம் நிஜம்போலவே இருக்கும். இவர் அவற்றைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அந்தக் காலத்துக் கையடக்கப் பெட்டிகளில் வந்த விளையாட்டுகளையும் ஒரு மூலையில் அடுக்கி வைத்திருந்தார்கள். பாசிப் பச்சை நிறம், புள்ளி புள்ளியாய் உருவங்கள். அதில் ஒன்றைப் பார்த்ததும் மனிதர் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்து நின்றுவிட்டாராம். விடுமுறை முடிந்து மகள் பெங்களூருக்குத் திரும்பினாள். பெட்டி திரும்பவில்லை.

விளையாட்டு இதுதான். மண்ணுக்கடியில் இரண்டு பெருச்சாளிகள். ஒன்று இடப்பக்கமிருந்து தோண்டி வரும், மற்றது வலப்பக்கமிருந்து. கீழேயிருந்து தண்ணீர் ஏறிக்கொண்டே இருக்கும். தண்ணீர் மூழ்கடிப்பதற்குள் இரண்டும் நடுவில் சந்திக்க வேண்டும். அந்தக் காலத்தில் இரண்டு பெட்டிகளை ஒரு கேபிளால் இணைத்து இரண்டு பேர் ஆடுவார்களாம். அவனவன் திரையில் அவனவன் பக்கம் மட்டும் தெரியும். எதிரே பாறை இருக்கிறதா, பள்ளம் இருக்கிறதா என்று ஒருவருக்கொருவர் வாயால் சொல்லித்தான் வழி கண்டுபிடிக்க வேண்டும்.

பழைய பெட்டியின் திரையில் விளக்கு கிடையாது. வெளிச்சத்தில் உட்கார்ந்தால்தான் படம் தெரியும். வள்ளத்தின்மேல் வெயிலில் உட்கார்ந்த ரகசியம் இதுதான். இப்போதைய பெட்டியில் விளக்கு தானே எரிகிறது என்று நான் எவ்வளவோ எடுத்துச் சொன்னேன். "அது அதோட வேலைய பாக்கட்டும். நான் என் வேலைய பாக்குறேன்" என்றார்.

சந்தாவோடு இன்னொரு வசதியும் உண்டு. பெருச்சாளி செத்துவிட்டால் ஒரு பட்டனை அழுத்திப் பிடித்தால் போதும். விளையாட்டு பின்னோக்கி ஓடும், செத்தது எழுந்துகொள்ளும், விட்ட தப்பைத் திருத்திக்கொள்ளலாம். இதைக் கண்டுபிடித்துச் சொன்னதற்கு அவர் என்னைப் பாராட்டுவார் என்று எதிர்பார்த்தேன்.

"செத்தா செத்ததுதான்" என்றார். "எங்க பெட்டியில இதெல்லாம் கெடையாது. இந்தப் பட்டன்ல கை வச்ச, இந்த வீட்டுக்குள்ள ஒனக்கு அப்பறம் கொழம்பு கெடையாது."

அவர் மனைவி பிலோமினா அக்கா வைக்கிற நண்டுக் குழம்பைச் சாப்பிட்ட யாரும் அந்தப் பட்டனைத் தொடமாட்டார்கள். நானும் தொடவில்லை.

முகமறியாத யாரோடும் இணையத்தில் சேர்ந்து ஆடலாம் என்றும் ஒரு வசதி இருந்தது. அதற்குத் தனக்கு ஒரு பெயர் வைத்துக்கொள்ள வேண்டும். 'ரூம் ஒன்பது' என்று ஆங்கிலத்தில் வைத்திருந்தார். ஏன் என்று அப்போது எனக்குத் தெரியாது. எந்த நாட்டுப் பிள்ளையோ எதிர்ப்பக்கம் வந்து நிற்கும். பேச வழியில்லாத விளையாட்டு. ஆனாலும் இவர் கடற்கரையே அதிரக் கத்துவார். "ஏலே, கீழ பாறை கெடக்கு! மேல ஏறு! எலே, மேலங்கிறேன்!" எதிர்ப்பக்கப் பெருச்சாளி நேராகப் பாறையில் முட்டிச் சாகும். "பயபுள்ள காதுல வாங்க மாட்டேங்குறான்" என்று வருத்தப்படுவார்.

கடைசியில் அந்த வேலை என் தலையில் விழுந்தது. மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் அவர் வீட்டு டி.வி.யில் பெட்டியைச் சேர்ப்பார். திரை இரண்டாகப் பிரியும். ஆளுக்கொரு கட்டுப்பாட்டுக் கருவி. ஆனால் இரண்டு பக்கமும் இரண்டு பேருக்கும் தெரிந்துவிடுகிறதே, அது பழைய முறை இல்லையே! டி.வி.யின் நட்டநடுவில் ஈரிழைத் துண்டை, திரையிலிருந்து முன்னால் நீட்டிக்கொண்டிருக்கும்படி கொடி கட்டித் தொங்கவிட்டார். துண்டுக்கு அந்தப் பக்கம் அவர், இந்தப் பக்கம் நான். நடுவே பிலோமினா அக்கா சோற்றுப் பானையோடு வந்து, "எந்தப் பக்கத்துக்கு மொதல்ல போடணும்?" என்பார்.

எட்டு மாதம் ஆடினோம். பத்தாவது ஸ்டேஜில் அவர் என்னை மடையன் என்றார். இருபதில் பேசுவதையே நிறுத்தினார். முப்பதில் என் தோளில் ஒரு தட்டு தட்டினார். நாற்பத்தொன்பது முடிந்த அன்று நான் எழுந்து நின்று கை தட்டினேன். ஐம்பதாவது திறந்தது. அவர் டி.வி.யை அணைத்தார்.

"என்னண்ணே, ஆடலாமே!"

"வேணாம் ஐஸு. அம்பது ஒனக்கில்ல."

எனக்குச் சுருக்கென்றது. எட்டு மாதமாக அவருடைய ஏச்சையும் பேச்சையும் கேட்டவன் நான். கை கழுவும் சாக்கில் கொல்லைப்புறம் போய் அக்காவிடம் முறையிட்டேன். அவர் நண்டு ஓடுகளைக் கூட்டி அள்ளிக்கொண்டிருந்தார்.

"கோவிச்சுக்காதீங்க தம்பி. அவரு வெளையாடல. கூட்டாளிக்கு எடம் புடிச்சு வச்சுக்கிட்டு உக்காந்திருக்காரு" என்றார்.

அப்புறம்தான் கதை தெரிந்தது. கல்யாணத்துக்கு முன்னால் மெக்கானிக் தோஹாவில் ஒரு கப்பல் பட்டறையில் வேலை பார்த்தார். ஒன்பதாம் நம்பர் அறை. கூட இருந்தவர் கடலுக்கு அந்தப் பக்கம், மன்னாரை அடுத்த பேசாலை ஊர்க்காரர், ஜெறோம். ஊருக்குத் திரும்பிய ஒரு பிலிப்பைன்ஸ்காரரிடம் இரண்டு பழைய பெட்டிகளையும் கேபிளையும் இருவரும் சேர்ந்து வாங்கினார்கள். வெள்ளிக்கிழமை லீவு நாளில் அறைக்கு வெளியே வெயிலில் முதுகோடு முதுகு ஒட்டி உட்கார்ந்து ஆடுவார்கள். பட்டறை முழுக்க அவர்களுக்குப் பெயரே பெருச்சாளிகள்.

ஐம்பதாவது ஸ்டேஜ் ஆடிக்கொண்டிருந்த ஒரு வெள்ளிக்கிழமை, ஜெறோமுக்கு ஆபீசில் போன் என்று ஆள் வந்தது. "நிப்பாட்டி வை, இந்தா வாறன்" என்று சொல்லிவிட்டுப் போனவர் வரவில்லை. ஊரில் ஏதோ கெட்ட செய்தி. ஆபீசிலிருந்து அப்படியே விமானத்தில் ஏற்றி அனுப்பிவிட்டார்கள்.

"நிப்பாட்டி வைன்னாருல்ல, இவரு நிப்பாட்டியே வச்சிருந்தாரு" என்றார் அக்கா. "ரெண்டு பெட்டியையும் கரண்டுல சொருகி, அணைக்காம, பதினோரு நாளு. பன்னெண்டாம் நாளு அங்கன கரண்டு போயிருச்சு. பேசாலைக்கு எழுதுன கடுதாசியும் திரும்பி வந்திருச்சு. என்னையப் பொண்ணு பாக்க வந்த அன்னைக்கும் இதே கததான் தம்பி. நான் காப்பித் தட்டோட நிக்கிறேன், இவரு எங்க அய்யாகிட்ட பெருச்சாளியப் பத்திப் பேசிக்கிட்டு இருக்காரு."

'ரூம் ஒன்பது' என்ற பெயரை ஏன் வைத்தார் என்று அப்போதுதான் உறைத்தது. உலகத்தில் ஏதோ ஒரு மூலையில் ஜெறோமும் இந்த விளையாட்டைத் திறப்பார், அந்தப் பெயரைப் பார்ப்பார் என்று மனிதர் தினமும் உச்சி வெயிலில் வலை விரித்துக் காத்திருந்திருக்கிறார்.

இந்த நிலையில் ஒருநாள் திரையில் ஆங்கிலத்தில் ஓர் அறிவிப்பு வந்தது. படித்துச் சொல்லச் சொன்னார். அடுத்த மாதக் கடைசியோடு சில பழைய விளையாட்டுகளைச் சந்தாவிலிருந்து எடுத்துவிடுகிறார்கள். பெருச்சாளியும் அந்தப் பட்டியலில் இருந்தது.

"நம்ம பெட்டிக்குள்ள இருக்கத அவன் எப்புடி எடுப்பான்?"

"அது நம்ம பெட்டிக்குள்ள இல்லண்ணே. வாடகை வீடு மாதிரி. காலி பண்ணச் சொல்லிட்டாங்க."

அன்றைக்கு யாரோ வந்து கூப்பிட்டவுடனே அவர் எழுந்து போய் இஞ்சினைப் பார்த்தார். படகுக்காரர்கள் பயந்துபோய் என்னிடம் வந்து, மெக்கானிக்குக்கு உடம்புக்கு என்ன என்று விசாரித்தார்கள்.

நல்ல வேளையாக அது கச்சத்தீவு அந்தோணியார் திருவிழாக் காலம். இரண்டு கரை மக்களும் வந்து கூடுகிற இடம். அங்கே பேசாலைக்காரர்கள் வராமல் இருக்க மாட்டார்கள். ராமேஸ்வரத்திலிருந்து போகும் படகில் பெயர் கொடுத்தோம். விசாரிப்பதற்குக் கையில் ஏதாவது வேண்டுமே? ஜெறோமின் போட்டோ ஒன்றுகூட அவரிடம் இல்லை. அதனால் என்னைக்கொண்டு ஒரு நோட்டீஸ் அடித்தார். மேலே பெரிய எழுத்தில் 'காணவில்லை'. அதற்குக் கீழே வண்ணத்தில் இரண்டு பெருச்சாளிகள்.

திருவிழாக் கூட்டத்தில் அதைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்ற மனிதரை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். எலி மருந்து விற்கிறார் என்று நினைத்து நான்கு பேர் விலை கேட்டார்கள். ஒரு பெரியவர், வீட்டில் வளர்த்ததா, எத்தனை நாளாயிற்று என்று துக்கம் விசாரித்தார். வெயிலில் நின்று நின்று எனக்குத் தலை சுற்றியது. போதும் வாருங்கள் என்று கையைப் பிடித்து இழுத்தபோது, வெள்ளைச் சேலை கட்டிய ஒரு நடுவயதுப் பெண் நோட்டீசின் முன்னால் நின்று சிரிக்க ஆரம்பித்தார்.

"இது ஜெறோம் மாமான்ர வள்ளத்தில கிடக்கிற எலியெல்லோ! எல்லாரும் வள்ளத்தில மாதாவைக் கீறுவினம். இந்த மனுசன் மட்டும் ரெண்டு எலியைக் கீறி வச்சிருக்கிறார். எத்தினை தரம் அழிக்கச் சொல்லியாச்சு, கேட்கிறாரில்லை."

மெக்கானிக் நோட்டீசைக் கீழே போட்டுவிட்டு மணலில் உட்கார்ந்துவிட்டார். அந்தப் பெண்ணிடம் போன் நம்பரை வாங்கியது நான்தான்.

ஊருக்குத் திரும்பினோம். நம்பர் கையில் இருக்கிறது. மனிதர் கூப்பிடவில்லை. ஒரு நாள், இரண்டு நாள், ஒன்பது நாள். கேட்டால், "அவன் இப்ப கடலுக்குப் போயிருப்பான்", "இப்பத் தூங்குவான்", "இன்னைக்குச் செவ்வாக்கெழம" என்று ஏதாவது ஒரு காரணம். ஒருநாள் என்னிடம் மெதுவாக, "என்னன்னுலே பேச்ச ஆரம்பிக்கிறது, ஐஸு? அவனுக்கு என்னைய நெனப்பு இல்லன்னா?" என்றார். வள்ளத்தில் எலியை வரைந்து வைத்திருக்கும் மனிதருக்கு நினைப்பில்லாமல் எப்படிப் போகும் என்றேன். "அது எலி நெனப்பு. என் நெனப்பா?" என்றார்.

மாதக் கடைசி நாள் வந்தது. ஞாயிற்றுக்கிழமை. பூசை முடிந்து வந்த கையோடு பிலோமினா அக்கா போனை எடுத்து நம்பரைப் போட்டார். எதிர்முனையில் யாரோ பேசியதும் சுற்றி வளைக்கவில்லை.

"அண்ணே, தங்கச்சிமடத்துலருந்து பேசுறேன். ரூம் நம்பர் ஒம்பது. பெருச்சாளிய இருவத்தஞ்சு வருசமா நிப்பாட்டி வச்சிருக்காரு. வந்து ஆடிக் குடுத்துட்டுப் போங்க. எனக்கு வீட்டு வேல கெடக்கு."

பிறகு வீடியோவில் ஒரு முகம் வந்தது. முடி முழுக்க நரைத்து, முன்பல் ஒன்று இல்லாமல். மெக்கானிக் போனை வாங்கி அந்த முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியில் மெக்கானிக் கேட்டார்.

"எங்கலே பல்லு?"

"உன்ர முடி எங்க போச்சோ அங்கதான்" என்றது போன்.

அவ்வளவுதான், நலம் விசாரிப்பு முடிந்தது. டி.வி.யில் துண்டு தொங்கியது. ஜெறோமிடம் பெட்டியும் இல்லை, சந்தாவும் இல்லை. அதனால் வலப்பக்கத் திரை மட்டும் தெரியும்படி போனைச் செம்பில் சாய்த்து வைத்தோம். அவர் பார்த்துச் சொல்வார், நான் பட்டனை அழுத்துவேன். அன்று மத்தியானம் முழுக்க நான் ஜெறோமின் விரல்.

சிக்கல் என்னவென்றால், அவர் சொல்வது எனக்கு வந்துசேர இரண்டு விநாடி ஆகிறது. அவர் "நில்லு தம்பி, நில்லு!" என்று கத்துவது என் பெருச்சாளி பாறையில் முட்டிச் செத்த பிறகுதான் கேட்கும். துண்டுக்கு அந்தப் பக்கமிருந்து மெக்கானிக், "சொல்லிக்கிட்டு இருக்கான்ல, கேளுலே!" என்பார். பதினைந்து தடவை செத்தோம். இருபது தடவை செத்தோம். மூன்று மணியாகிவிட்டது. சோறு ஆறிப் போயிற்று.

"தம்பி, செத்த பிறகு பின்னுக்குப் போற பட்டன் ஏதோ இருக்குதாம், மகன் சொல்லுறான்" என்றார் ஜெறோம். "அதை அமத்துங்கோவன்."

அந்தப் பட்டனில் கை வைத்தவர்களுக்கு அந்த வீட்டில் குழம்பு கிடையாதே! துண்டை விலக்கி மெக்கானிக்கின் முகத்தைப் பார்த்தேன்.

"என்னைய என்னலே பாக்குற? அவன் சொல்றான்ல, அமத்து" என்றார்.

அமுக்கினேன். செத்த பெருச்சாளி எழுந்து பின்னோக்கி நடந்தது. மறுபடி ஆடினோம். மறுபடி அமுக்கினேன். இடையில் ஜெறோம் திடீரென்று, "டேய், நான் சொல்லாமல் வந்திட்டன். அப்பா கடலுக்குப் போய்த் திரும்பேல்லை எண்டு போன். எனக்கு ஒண்டும் ஓடேல்லை" என்றார்.

துண்டுக்கு அந்தப் பக்கமிருந்து, "கீழ பாறையா, பள்ளமா? அதச் சொல்லு மொதல்ல" என்று கேட்டது.

நான்கரை மணிக்கு இரண்டு பெருச்சாளிகளும் சந்தித்தன. தண்ணீர் வடிந்தது. இரண்டும் கைகுலுக்கின. டிங் டிங் என்று ஒரு சின்ன இசை. 'முடிந்தது' என்று ஆங்கிலத்தில் ஒரு சொல். அதோடு சரி.

"இவ்வளவுதானோ?" என்றார் ஜெறோம்.

"இவ்வளவுதான் போலருக்கு" என்றார் மெக்கானிக்.

இருவரும் சிரிக்கத் தொடங்கினார்கள். அந்தச் சிரிப்பு எந்த இடத்தில் அழுகையாக மாறியது என்று எனக்குத் தெரியாது. நடுவில் துண்டு இருந்தது. நான் என் பக்கத்துத் திரையையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

மறுநாள் பெருச்சாளி சந்தாவில் இல்லை. அந்த இடத்தில் ஏதோ ஒரு மீன்பிடி விளையாட்டு வந்திருந்தது. "அத வேற பெட்டிக்குள்ள பிடிக்கணுமாக்கும்" என்று சொல்லி மெக்கானிக் அதைத் தாண்டிப் போனார். இப்போது அவர் ஆடுவது அதற்கடுத்த ஒன்று. ஜெறோமின் மகனும் இதே மாதிரி ஒரு பெட்டி வாங்கிவிட்டதாகக் கேள்வி. அந்தக் கரையிலிருந்து யார் ஆடுகிறார், அப்பாவா மகனா என்று தெரியவில்லை.

நான் ஐஸ் கம்பெனியை விட்டு ஊருக்கே வந்து மூன்று வருடமாகிறது. வயலைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். எனக்கு அந்த மாதிரி விளையாட்டுகளில் இன்றைக்கும் பெரிய ஆசை கிடையாது. ஆனாலும் ஒரு பெட்டி வாங்கி, அதே சந்தாவைக் கட்டி வைத்திருக்கிறேன். நண்பர்களில் யாராவது ஆடிக்கொண்டிருந்தால் அவர்கள் பெயருக்குப் பக்கத்தில் ஒரு பச்சைப் புள்ளி எரியும். மத்தியானம் வயலிலிருந்து வந்ததும் அதைத் திறந்து பார்ப்பேன். என் பட்டியலில் இருப்பது ஒரே ஒரு பெயர்தான், ரூம் ஒன்பது. புள்ளி எரிந்தால் அவரைக் கூப்பிட மாட்டேன், தொந்தரவு செய்ய மாட்டேன். அப்படியே மூடி வைத்துவிட்டுச் சாப்பிட உட்காருவேன். அன்றைக்குச் சோறு ஒரு பிடி கூடுதலாக இறங்கும்.